மூழ்கிய கப்பலைப் பற்றிய ஆவணப்படம்: இருப்பிடத்தை மறைத்தால் நம்பகத்தன்மை குறையுமா?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். ஏறத்தாழ 30 மீட்டர் ஆழத்தில் கிடக்கும் ஒரு பழைய சரக்குக் கப்பலைப் பற்றி ஆவணப்படம் எடுத்துவருகிறேன். இதுவரை பதிவான காட்சிகள் யாவும் சாம்பல் பூத்த பச்சையாக உள்ளன. விளக்கை ஏற்றினால் கப்பலுக்கு முன்னால் மிதக்கும் துகள்களே மின்னுகின்றன. இதைவிடப் பெரிய குழப்பம் வேறொன்று. படம் வெளியானதும் பொருள்களை அள்ளிச் செல்ல ஆட்கள் கிளம்பிவிடுவார்கள் என்று எங்களுக்கு உதவும் தொல்லியல் ஆய்வாளர் அஞ்சுகிறார். இடத்தைச் சொல்லாவிட்டால் பார்வையாளர்கள் நம்புவார்களா?

மறுமொழி 1

சிவப்பு நிறத்தைக் கடல்நீர் முதல் சில மீட்டர்களிலேயே உறிஞ்சிவிடுவதால், அந்த ஆழத்தில் விளக்கின்றி உண்மையான நிறம் கிடைக்காது. ஆனால் லென்ஸை ஒட்டியிருக்கும் விளக்கு, நடுவிலுள்ள துகள்களுக்கே முதலில் வெளிச்சம் தரும். ஆகவே விளக்குகளை நீண்ட கைகளில் பொருத்தி இருபுறமும் நன்றாக விலக்கி வைத்து, ஒளிக்கற்றையின் ஓரம் மட்டும் பொருளின்மீது படுமாறு திருப்புங்கள். அகலக்கோண லென்ஸுடன் மிக அருகே செல்லுங்கள். இடையிலுள்ள நீர் குறையக் குறையக் கலங்கலும் குறையும்.

முழுக் கப்பலையும் ஒரே காட்சியில் பிடிக்க முயல வேண்டாம். ஒவ்வொரு படமும் முந்தைய படத்தின் பெரும்பகுதியை உள்ளடக்கும்படி வரிசையாக எடுத்து, அளவுகோல்களையும் சேர்த்துப் பதிவுசெய்தால், போட்டோகிராமெட்ரி என்னும், படங்களைக் கணினியில் இணைத்து அளவிடும் முறையில் முப்பரிமாண மாதிரியை உருவாக்கலாம். கலங்கிய நீரில் எந்த முக்குளிப்பவரும் காண முடியாத முழு உருவத்தைப் பார்வையாளர் அதில் காண்பார். உங்கள் ஆய்வாளருக்கும் அது நிலையான பதிவாக உதவும்.

மறுமொழி 2

உங்கள் ஆய்வாளரின் அச்சம் முற்றிலும் நியாயமானது. 1942-இல் ஜாவா கடற்போரில் மூழ்கிய டி ரய்ட்டர், ஜாவா என்னும் டச்சுப் போர்க்கப்பல்களை முக்குளிப்போர் 2002-இல் கண்டறிந்தார்கள். 2016-இல் மீண்டும் சென்று பார்த்தபோது, மாலுமிகளின் கல்லறையாகவும் இருந்த அவ்விரு கப்பல்களும் கடலடியில் இல்லை. அவை கிடந்த பள்ளம் மட்டுமே எஞ்சியிருந்தது. பழைய இரும்புக்கும் பிற உலோகங்களுக்கும் கிடைக்கும் விலைக்காகவே கப்பல்களை இப்படி அறுத்தெடுத்துச் செல்கிறார்கள்.

இடத்தைச் சொல்வதால் நம்பிக்கை பிறப்பதில்லை. சான்றைக் காட்டுவதால்தான் பிறக்கிறது. 2022-இல் அண்டார்டிகாவை ஒட்டிய வெடெல் கடலில் 3,008 மீட்டர் ஆழத்தில், துருவப் பயணி ஷாக்கிள்டனின் எண்டியூரன்ஸ் கப்பலைக் கண்டவர்கள் எதையும் தொடாமல் படம் மட்டுமே எடுத்தார்கள். பின்புறத்தில் தெளிவாகத் தெரிந்த பெயர் ஒன்றே உலகுக்குப் போதுமானதாக இருந்தது. உங்கள் கப்பலில் பெயர் அழிந்திருந்தாலும், கொதிகலனின் அளவு கட்டுமான வரைபடத்தோடு பொருந்துவதைத் திரையில் பொறுமையாகக் காட்டினால், அதுவே படத்தின் மிக வலுவான கட்டமாகிவிடும் என்பது என் உறுதியான எண்ணம்.

படத்தொகுப்பில் கவனம் தேவை. படகிலுள்ள ஜிபிஎஸ் திரை, பின்னணியில் தெரியும் கரையின் வடிவம், கோப்புகளில் தானாகப் பதிவாகும் இடக்குறிப்பு ஆகிய மூன்றுமே இருப்பிடத்தைக் காட்டிக்கொடுக்கும்.

மறுமொழி 3

அனுமதியையும் முதலிலேயே உறுதிசெய்துகொள்ளுங்கள். மூழ்கிவிட்டது என்பதனாலேயே ஒரு கப்பல் உரிமையாளர் அற்றதாகிவிடாது. காப்பீட்டாளருக்கோ அரசுக்கோ அதன்மீது உரிமை இருக்கலாம். நீரடியில் 100 ஆண்டுகளாவது இருந்துவரும் பண்பாட்டு எச்சங்களை, 2001-இல் ஏற்கப்பட்ட யுனெஸ்கோ உடன்படிக்கை பாதுகாக்கிறது. அவற்றை இருந்த இடத்திலேயே பேணுவதை முதல் தெரிவாகக் கொள்ளச் சொல்லும் அது, வணிக நோக்கில் எடுத்து விற்பதைத் தடுக்கிறது. பார்ப்பதையும் பதிவுசெய்வதையும் ஊக்குவிக்கிறது. ஆகவே ஆய்வாளரைத் தொகுப்பு மேசைக்கே அழைத்து, இறுதி வடிவத்தை அவர் பார்த்த பிறகே வெளியிடுங்கள்.