497 இருந்த காலத்தில் பார்த்தவை

பழைய குமாஸ்தா:
2018க்கு முன்னால் பதினோரு வருடம் ஒரு கிரிமினல் வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தேன். அடுத்தவன் மனைவியோடு உறவு வைத்தவனைத் தண்டித்த இந்திய தண்டனைச் சட்டத்தின் 497ஆம் பிரிவு என்று தேடி வந்தவர்களில் ரெண்டு பேர் மட்டும் இன்னும் மனதில் நிற்கிறார்கள்.

முதலில் ஒரு அம்மா. புருஷனுக்கு வேறு தொடர்பு. கையில் போன் பில், ஒரே நம்பர் வந்த இடத்திலெல்லாம் பேனாவால் கோடு போட்டிருந்தார். ரெண்டு பேரையும் உள்ளே தள்ள வேண்டும் என்றார். "இந்தப் பிரிவுல மனைவி புகார் கொடுக்க முடியாதும்மா. அந்தப் பொண்ணோட புருஷன் கொடுத்தாத்தான் கேஸ், அதுவும் உங்க வீட்டுக்காரர் மேல மட்டும்தான்" என்றார் சீனியர். அந்த அம்மா பில்லையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "அவ புருஷன் செத்து நாலு வருஷம் ஆச்சு சார்" என்றார். அப்படியானால் குற்றமே கிடையாது! அடுத்தவன் மனைவியாக இருந்தால்தான் 497. பில்லைப் பழைய மடிப்பிலேயே மடித்துப் பர்ஸில் வைத்துக்கொண்டு, ஃபீஸ் எவ்வளவு என்று வேறு கேட்டார். சீனியர் வாங்கவில்லை.

அடுத்தவர் நேர் எதிர். மனைவியை ஜெயிலுக்கு அனுப்பியே தீருவேன் என்று வந்தார். மனைவியை உடந்தை என்றுகூடத் தண்டிக்க முடியாது, அந்த ஆளுக்கு வேண்டுமானால் அஞ்சு வருஷம் வரை கிடைக்கலாம் என்றதும் முகம் சுண்டிப்போனது. சரி என்று அவன் மேல் தனிப்புகார் போட்டார், ஆறு மாதத்தில் பணம் வாங்கிக்கொண்டு சமாதானமாகப் போய்விட்டார். ராஜி பண்ணும் உரிமையும் புருஷனுக்குத்தான். அந்தப் பெண் குற்றவாளியும் இல்லை, புகார்தாரரும் இல்லை, அவரை யாரும் எதுவும் கேட்கவில்லை. புருஷனே சம்மதித்திருந்தால் குற்றம் இல்லை என்று அந்தப் பிரிவிலேயே எழுதியிருந்தது, அதைப் படித்த பிறகும் இதைப் பெண்களுக்கான சலுகை என்று சொன்னவர்களை நினைத்தால் சிரிப்புதான் வரும். 1954இல் உச்ச நீதிமன்றமே அப்படித்தான் சொன்னது.

ரிட்டயர்டு ஏட்டு:
குமாஸ்தா அண்ணே, ஸ்டேஷனுக்கு வந்தவர்கள் கதையும் இதேதான். போலீஸ் நேரடியாக எஃப்ஐஆர் போடக்கூடிய பிரிவே இல்லை அது, மாஜிஸ்திரேட்டிடம் போங்கள் என்றால் காசு எதிர்பார்க்கிறான் என்று நினைப்பார்கள். 2018 செப்டம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக அதை ரத்து செய்தார்கள். அதற்கப்புறம் வேறு தலைவலி. மனைவி கொடுத்த புகாரை விசாரிக்கக் கூப்பிட்ட ஒருவர், "கோர்ட்டே தப்பில்லைன்னு சொல்லிடுச்சே" என்று என்னிடமே நியூஸ் பேப்பர் கட்டிங்கை நீட்டினார். ஜெயில் இல்லை என்றுதானய்யா சொன்னார்கள், விவாகரத்துக்கு அது இன்னும் காரணம்தான் என்றேன். கட்டிங்கில் அந்த வரியும் இருந்தது, அவர் அதுவரைக்கும் படிக்கவில்லை.

அக்காவின் தங்கை:
ஜெயில் போச்சு, ஆனால் ஜீவனாம்சத்தில் அது அப்படியே இருக்கிறது சார். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 125(4), அதற்குப் பதிலாக வந்த புதுச் சட்டத்தில் (BNSS) 144(4). மனைவி வேறு ஒருவரோடு தகாத உறவில் வாழ்ந்தால் ஜீவனாம்சம் கிடையாது. எங்கேயோ ஒரு தடவை நடந்தது போதாது, தொடர்ந்து அப்படி வாழ வேண்டும் என்றுதான் கோர்ட்டுகள் பார்க்கின்றன, ஆனாலும் குறுக்கு விசாரணையில் எதை வேண்டுமானாலும் கேட்கிறார்கள். என் அக்கா ஜீவனாம்சம் கேட்டுப் போட்ட கேஸிலும் அதுதான் நடந்தது. ஒருநாள் வேலை முடிந்து அவளை உடன் வேலை செய்பவர் பைக்கில் இறக்கிவிட்டார், அவ்வளவுதான். "ரெண்டு பக்கமும் கால் போட்டு உட்கார்ந்தீங்களா, ஒரு பக்கமாவா?" என்று கேட்டார் எதிர்த்தரப்பு வக்கீல். அத்தனைக்கும் மாமா அப்போது வேறு ஒருத்தியோடு தனிக்குடித்தனமே நடத்திக்கொண்டிருந்தார், அவரிடம் பைக் பற்றி யாரும் கேட்கவில்லை. ஜீவனாம்சம் கடைசியில் கிடைத்தது. அக்கா இன்றைக்கும் வேலைக்குப் பஸ்ஸில்தான் போய் வருகிறாள், எவ்வளவு நேரமானாலும் சரி.