கையில் காது வளர்த்தவர் கலைஞரா?

குடமுருட்டி:
ஆஸ்திரேலியக் கலைஞர் ஸ்டெலார்க் பற்றி நண்பர்களோடு பேச்சு வந்தது. 1946-இல் சைப்ரஸில் பிறந்தவர். 1976 முதல் 1988 வரை பல தடவை தோலில் கொக்கிகளை மாட்டி அந்தரத்தில் தொங்கினார். 1980-இல் வலது கையோடு ஓர் இயந்திரக் கையைப் பூட்டிக்கொண்டார். வயிறு, கால் தசைகளின் மின்சைகையில் அது அசையும். அப்புறம் 2006-இல் தொடங்கி, இடது முன்கையில் அறுவை செய்து ஒரு காதையே வளர்த்தார். எனக்கு இது கலை. உங்களுக்கு?

வெண்ணாறு:
கலை இல்லை தம்பி. கொக்கி நமக்குப் புதிதா? நாகப்பட்டினம் நெல்லுக்கடை மாரியம்மன் கோயிலில், நேர்ந்துகொண்டவர்களை உயரே தூக்கிச் சுற்றும் செடில் மரம் இன்றும் சுற்றுகிறது. அலகு குத்தி வருகிறவர்களை வருஷாவருஷம் பார்க்கிறோம். பிள்ளைக்கு உடம்பு தேற வேண்டும் என்று ஒரு வேண்டுதல் இருக்கும். அந்த வலி ஆத்தாளுக்குப் போய்ச் சேருகிறது. இவர் வலி யாருக்கு?

குடமுருட்டி:
வேண்டுதல் இல்லைதான் அண்ணே. ஆனால் கேள்வி இருக்கிறது. 1995-இல் இவர் லக்சம்பர்க்கில் நின்றார். பாரிஸ், ஹெல்சின்கி, ஆம்ஸ்டர்டாமில் இருந்தவர்கள் கணினித் திரையைத் தொட, இவர் தசையில் மின்சாரம் பாய்ந்து கைகால் தானாக அசைந்தன. கும்பகோணம் பக்கம் பொம்மலாட்டம் பார்த்திருப்பீர்கள். கயிறு பிடிப்பவர் மறைவில் நிற்பார், பொம்மைக்கு ஒன்றும் தெரியாது. இங்கே பொம்மையாக நின்றவருக்கு எல்லாம் தெரிகிறது, கை மட்டும் அவர் சொன்னதைக் கேட்கவில்லை. அந்த நேரம் அது யார் கை?

அரசலாறு:
நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். என் அம்மா நாற்பது வருஷம் நாற்று நட்டவர். விரல் ரேகை தேய்ந்துவிட்டது. ரேஷன் கடையில் கைரேகைக் கருவி மூன்று தடவையும் ஏற்கவில்லை. வரிசையில் நின்ற அத்தனை பேருக்கும் அம்மாவைத் தெரியும், கருவிக்குத் தெரியவில்லை. அரிசி இல்லாமல் திரும்பினோம். வழியெல்லாம் அம்மா தன் விரல்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே வந்தார். உடம்பும் கருவியும் சேருகிற இடத்தில் ஆள் யார் என்று ஒருவர் கேட்டால், அதை வெறும் வேடிக்கை என்று ஒதுக்க எனக்கு மனசு வரவில்லை.

வெண்ணாறு:
படித்ததும் மனசு கனத்துவிட்டது அம்மா. ஆனால் அதையே வைத்துச் சொல்கிறேன். ஸ்டெலார்க் மருத்துவர்களைத் தேடிப் போய், விரும்பி உடம்பை மாற்றிக்கொண்டார். அந்தக் காதில் வைத்த மைக்கைத் தொற்று வந்ததும் எடுத்துவிட்டார்கள். உங்கள் அம்மாவின் ரேகையைச் சேறு தின்றது, அவரை யாரும் கேட்கவில்லை. இரண்டையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள்.

அரசலாறு:
அந்த வித்தியாசம் பெரியதுதான் ஐயா, மறுக்கவில்லை. ஆனால் அந்த மைக் எதற்கு? அவர் கையிலுள்ள காது கேட்பதை, இணையத்தில் எங்கோ இருப்பவர்கள் கேட்க வேண்டும் என்பதற்கு. அந்தக் காது அவருக்காகக் கேட்பதற்கு இல்லை. அம்மாவின் கையும் நாற்பது வருஷம் இன்னொருவர் வயலுக்குத்தான் உழைத்தது. எனக்கு அங்கேதான் சுருக்கென்றது.

வெண்ணாறு:
இதற்கு என்னிடம் உடனே பதில் இல்லை. கலை என்று இன்னும் ஒப்பவில்லை, யோசிக்கிறேன். அம்மாவுக்கு அரிசி கிடைத்ததா?

அரசலாறு:
கிடைத்தது. இரண்டு வாரம் கழித்து, கருவிழியைக் காட்டி.