டார்க் சன்: டிஃபைலிங்கை 5ஆம் பதிப்பில் நடத்துவது எப்படி?

முள்வேலன்

டார்க் சன்ங்கிற கற்பனைப் பாலைவன உலகத்தை டி அண்ட் டி (டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ், பகடை உருட்டி ஆடுற கதை விளையாட்டு) 5ஆம் பதிப்பு விதிகளோட நடத்தப் போறேன். நாலு பேர் பார்ட்டி, எல்லாரும் 5ஆம் லெவல், அதுல ஒரு விசார்ட் (மந்திரவாதி). அத்தாஸ்ல (அந்த உலகத்தோட பேரு) மந்திரத்துக்கான சக்தி செடிகொடியிலிருந்துதான் வருது, அளவு மீறி உறிஞ்சினா நிலம் சாம்பலாகும், அதுதான் டிஃபைலிங், இது வரைக்கும் பிளேயர்களுக்குத் தெரியும். சிக்கல் விதியில. சாம்பலைப் பத்தி வர்ணனை மட்டும் சொன்னா யாரும் கண்டுக்க மாட்டாங்க. பெரிய அபராதம் போட்டா அந்தப் பக்கமே போக மாட்டாங்க. 1991ல வந்த 2ஆம் பதிப்புப் பெட்டியில இருந்த முறையா, 2010ல வந்த 4ஆம் பதிப்பு முறையா, எதை எடுக்கலாம்? கிளெரிக் (பூசாரி), ட்ரூயிட் (இயற்கையைக் காக்கிறவர்), சையானிக்ஸ் (மனோசக்தி) ஆளுங்களுக்கும் இது பொருந்துமா?

சாம்பல்வட்டம்

4ஆம் பதிப்பு முறைதான். அதுல டிஃபைலர்னு தனி கிளாஸ் (பாத்திர வகை) கிடையாது. ஆர்கேன் டெய்லி பவர் (நாளுக்கு ஒரு தடவை மட்டும் போடக்கூடிய மந்திரம்) போடும்போது அட்டாக் ரோலோ டேமேஜ் ரோலோ சரியா விழலைன்னா, அந்த நொடியில திரும்ப உருட்டலாம். இரண்டாவதா விழுந்ததைத்தான் ஏத்துக்கணும். அதுக்கு விலை: 20 கட்டத்துக்குள்ள இருக்கிற கூட்டாளிங்க ஒவ்வொருத்தருக்கும் அவங்க ஹீலிங் சர்ஜ் (ஒரு தடவை குணமாகிற அளவு) மதிப்புல பாதி நெக்ரோடிக் டேமேஜ் (உயிரை அரிக்கிற வகை அடி). எதை வச்சும் குறைக்க முடியாது. எதிரிக்கு ஒண்ணும் ஆகாது. எதிரிக்கும் அடி விழுந்தா அதுவே இன்னொரு ஆயுதமாகிடும், அதனால அதை மாத்தாதீங்க.

5க்குக் கொண்டுவர கணக்கு சுலபம். சர்ஜ்ங்கிறது மேக்ஸ் ஹிட் பாயிண்ட்ல (உயிர்ப் புள்ளி) கால் பங்கு, அதுல பாதின்னா எட்டுல ஒண்ணு. 40 உள்ளவருக்கு 5. 20 கட்டம்னா 100 அடி.

மூணு இடத்துல கவனம் வேணும். கேன்ட்ரிப்புக்கு (எத்தனை தடவை வேணும்னாலும் போடக்கூடிய சின்ன மந்திரம்) அனுமதிக்காதீங்க, டெய்லிங்கிற கட்டுப்பாடு போயிட்டா ஒவ்வொரு ரவுண்டும் ரீரோல் கேப்பாங்க. விசார்ட்கிட்ட இருக்கிற மேல் இரண்டு ஸ்லாட் (ஸ்பெல் போடச் செலவாகிற வாய்ப்பு) லெவலுக்கு மட்டும் வச்சுக்கோங்க, உங்க பார்ட்டியில அது 2ம் 3ம். அடுத்தது, ஃபயர்பால் மாதிரி ஸ்பெல்லுக்கு அட்டாக் ரோலே கிடையாது. அதுக்கு ஒரே ஒரு எதிரியோட சேவிங் த்ரோவை (ஸ்பெல்லைச் சமாளிக்க உருட்டுற பகடை), இல்லைன்னா மொத்த டேமேஜை, ரெண்டுல ஒண்ணைத் திரும்ப உருட்டட்டும். மூணாவது, அடி வாங்கிறவங்க தங்க டேமேஜைத் தாங்களே சத்தமா சொல்லிக் கழிக்கணும். டிஎம் (ஆட்டத்தை நடத்துறவர்) கழிச்சா மேஜையில யாருக்கும் உறைக்காது.

சக்தி தாவரத்திலிருந்து வராதவங்களுக்கு இது கிடையாது. கிளெரிக்குக்கு நிலம், நீர், நெருப்பு, காற்றுங்கிற பூதங்கள், சையானிக்ஸுக்கு சொந்த மனசு, ட்ரூயிட்டுக்கு நிலத்தோட ஆவி.

மணல்தோணி

மேலே சொன்னதில் கணக்கு சரி, ஆனால் அது மட்டும் போதாது. ஃபயர்பாலின் டேமேஜ் 8டி6, அதாவது எட்டு ஆறுமுகப் பகடை; அதன் சராசரி 28. முதலில் 18 விழுந்தால் திரும்ப உருட்டுவதில் ஒரு எதிரிக்குச் சுமார் 10 கூடும். நான்கு எதிரிகள் சேவில் தோற்றிருந்தால் 40. மூன்று கூட்டாளிகள் ஆளுக்கு 5 வீதம் இழப்பது மொத்தம் 15. கணக்குத் தெரிந்த பிளேயர் ஒவ்வொரு முறையும் டிஃபைல் செய்வார், ஒரு இரவு தூங்கி எழுந்தால் கூட்டாளிகளும் பழையபடி ஆகிவிடுவார்கள். வலி இருந்த இடமே தெரியாது.

இரண்டாம் பதிப்பில் டிஃபைலருக்கு லெவல் வேகமாக ஏறியது, பதிலுக்கு ஸ்பெல் லெவலையும் நிலத்தையும் பொறுத்துச் சாம்பல் வட்டம் விழுந்தது. பசுமை குறைந்த இடத்தில் வட்டம் பெரிதாகும், ஏனென்றால் அதே சக்திக்கு அதிகத் தூரம் உறிஞ்ச வேண்டும். விட்டுவிடக் கூடாதது இதுதான். லெவல் வேகத்தை விட்டுவிட்டு வட்டத்தை மட்டும் கொண்டுவாருங்கள்.

நான் பரிந்துரைக்கும் வீட்டு விதி: பசுஞ்சோலையில் ஸ்லாட் லெவலுக்கு 5 அடி ஆரம், முட்புதர்க் காட்டில் 10 அடி, அங்கொன்றும் இங்கொன்றுமாகப் புல் முளைத்த மணலில் 20 அடி. 3ஆம் லெவல் ஸ்லாட்டை முட்புதரில் போட்டால் 30 அடி, அதாவது 6 கட்டம். வரைபடத்தில் பென்சிலால் கறுப்படியுங்கள். சண்டை முடிந்தாலும் அழிக்க வேண்டாம். வட்டத்தின் நடுவில் இருப்பது நுண்ணிய சாம்பல், வேர்கூட மிஞ்சாது, காலை வைத்தால் புழுதி எழும். அங்கே மறுபடி டிஃபைல் செய்ய முயன்றால் எடுக்க எதுவுமில்லை: ரீரோல் உண்டு, ஆனால் கூட்டாளிகளுக்கு விலை இரட்டிப்பு. அந்த வட்டத்துக்குள் லாங் ரெஸ்ட் (இரவு முழு ஓய்வு) எடுத்தால் டிஃபைலிங்கில் போன ஹிட் பாயிண்ட் திரும்பாது.

பிரிசர்வராக (நிலத்தைச் சாம்பலாக்காமல் சக்தி எடுப்பவராக) ஸ்பெல் போடுவதற்குக் கூடுதல் விலை எதுவும் வைக்காதீர்கள். நிதானமாக எடுப்பவரை விதி தண்டிக்கத் தொடங்கினால் எல்லாரும் டிஃபைலர் ஆகிவிடுவார்கள்.

முள்வேலன்

ரெண்டையும் சேர்த்துப் பார்க்கிறேன். சண்டைக்கு அப்புறம் என்ன? பாலைவனத்துல சாம்பலை யார் பார்க்கப் போறாங்க?

கண்ணாடிக்கல்

எல்லாரும் பார்ப்பாங்க நண்பா. அங்க மேய்ச்சல் நிலமே அரிது, ஒரு வட்டம் போனா ஒரு மந்தைக்குத் தீனி போச்சு. ஊர் ஜனங்க டிஃபைலர், பிரிசர்வர்னு பிரிச்செல்லாம் பார்க்கிறதில்லை, மந்திரவாதின்னாலே அடிக்க வருவாங்க. பிரிசர்வர்களோட ரகசிய அமைப்பான வெயில்டு அலையன்ஸ் மறைஞ்சு வாழறதுக்கு அது ஒரு காரணம். நகர மன்னர்கள்தான் உலகத்துலேயே பெரிய டிஃபைலர்கள், ஆனா அடுத்தவன் மந்திரம் போட்டா டெம்ப்ளர்களை (தங்களோட அதிகாரிகள்) அனுப்புவாங்க. ட்ரூயிட்டுக்கோ தான் காக்கிற நிலம்னு ஒண்ணு உண்டு. அங்க வட்டம் விழுந்தா அவர் தேடி வர்றது நிச்சயம்.

அதனால ஒவ்வொரு வட்டத்துக்கும் ஒரு வரி குறிச்சு வைங்க: எந்த இடம், எத்தனை அடி, பார்த்தது யார். மூணு வட்டம் ஒரே திசையில போனா அதுவே தடம், துரத்துறவங்களுக்கு வேற துப்பு வேணாம். பார்ட்டி ஒரே பாதையில திரும்பி வந்தா அந்த இடம் அப்படியேதான் கிடக்கணும், ஒரு புல்கூட முளைச்சிருக்கக் கூடாது.

பின்னாடி ஒரு பெரிய வில்லன் வேணும்னா, அப்சிடியன் (எரிமலைக் கண்ணாடி) உருண்டை இருக்கு. மன்னர்கள் அதை வச்சு மிருகம், மனுஷங்க உயிரையே இழுப்பாங்க. டைர் நகரத்து மன்னன் கலாக் ஜிகுராட் (படிப்படியா உயர்ற கோபுரம்) கட்டினதே கூட்டத்தோட உயிரை எடுத்து டிராகனா மாறத்தான். ஆனா அந்த உருண்டையை உங்க விசார்ட் கையில குடுத்துடாதீங்க. 5ஆம் லெவல்ல செடியே போதும்.