யோகோ யாகுச்சிக்காக ஒரு படம்

சித்தப்பா: ஜப்பானிய இயக்குநர் குரோசவாவின் படங்களில் ரஷோமோன், செவன் சாமுராய் எல்லாம் பார்த்தாயிற்று. வேறு ஏதாவது சொல்லுங்கள்.

நான்: 1944இல் வந்த 'தி மோஸ்ட் பியூட்டிஃபுல்' பாருங்கள் சித்தப்பா. அவருடைய இரண்டாவது படம். யோகோ யாகுச்சிக்காகவே பார்க்கலாம்.

அத்தை: யாரும்மா அது? பேரே கேள்விப்பட்டதில்லையே.

நான்: படத்தின் நாயகி அத்தை. ராணுவத்துக்கு லென்ஸ் செய்யும் ஆலையில் வேலை பார்க்கும் பெண்களுக்கு அவர்தான் தலைவி. சரிபார்க்காத லென்ஸ் ஒன்று மற்றவற்றோடு கலந்துவிடும். ராத்திரியெல்லாம் உட்கார்ந்து ஒவ்வொன்றாக எடுத்துப் பார்ப்பார். நமக்கே கண் எரியும்.

தம்பி: அது போர்ப் பிரச்சாரப் படம்தானே அக்கா?

நான்: ஆமாம்டா, சந்தேகமே இல்லை. உற்பத்தியைக் கூட்டு, நாட்டுக்காக உழை என்றுதான் படம் முழுக்க. ஆனால் கடைசியில் அம்மா இறந்த செய்தி வருகிறது. ஊருக்குப் போ என்று சொல்லியும் போகாமல் வேலைக்குத் திரும்புகிறார். லென்ஸைப் பார்க்கப் பார்க்கக் கண்ணீர் முட்டுகிறது, துடைத்துவிட்டு மறுபடியும் குனிகிறார். கடமை உணர்ச்சியைப் பார்த்து நாம் பூரிக்க வேண்டும் என்பது படத்தின் கணக்கு. எனக்கோ அந்த முகத்தைப் பார்த்ததும் போர் மேல்தான் ஆத்திரம் வந்தது.

சித்தப்பா: அவ்வளவு இயல்பான நடிப்பா?

நான்: குரோசவா நடிகைகளை ஹிராட்சுகாவில் நிப்பான் கோகாக்கு ஆலையின் விடுதியிலேயே தங்கவைத்துவிட்டார். இன்றைய நிக்கான் கம்பெனிதான். மேக்கப் கூடாது. ஓட்டப் பயிற்சி, வாலிபால், மேளமும் குழலுமாகத் தெருவில் அணிவகுப்பு. பெண்களுக்கு மனக்குறை வந்தால், அவர்கள் சார்பில் இயக்குநரிடம் போய் வாதாடியவர் யாகுச்சிதான்.

அத்தை: சபாஷ்! அப்படித்தான் இருக்கணும்.

நான்: அப்புறம் அந்த இயக்குநரையே கல்யாணமும் செய்துகொண்டார் அத்தை. 1945இல், டோக்கியோவில் குண்டு விழுந்துகொண்டிருந்த நாட்களில்.

தம்பி: அதற்குப் பிறகு நடித்தாரா?

நான்: இல்லைடா, அதோடு விட்டுவிட்டார். 1985இல், கணவர் 'ரான்' படத்தை எடுத்துக்கொண்டிருந்தபோது இறந்துபோனார். தன் படங்களில் மனதுக்கு மிக நெருக்கமானது இந்தப் படம்தான் என்று குரோசவா சுயசரிதையில் எழுதியிருக்கிறார். ஆனால் பேசுகிறவர்கள் எல்லாரும் யாகுச்சியை 'குரோசவாவின் மனைவி' என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அதுதான் எனக்கு ஆறவே இல்லை.

சித்தப்பா: சரிம்மா, ஞாயிற்றுக்கிழமை பார்த்துவிடுகிறேன். தம்பி, சப்டைட்டிலோடு எங்கே கிடைக்கும் என்று பார்த்துச் சொல்.

அத்தை: நானும் வருகிறேன், எனக்கும் சேர்த்து டிபன் செய்யச் சொல்லு.