வீதிக்கு எடுத்த காணி: நட்டஈடு போதாது என்றால் எந்தக் கோட்டுக்குப் போவது?

களுவாஞ்சிக்குடி மகள்:
அம்மாவின் சீதனக் காணி, மெயின் ரோட்டு ஓரம். வீதி அகலிப்புக்கு முன்பக்கம் 11 பேர்ச் எடுத்துவிட்டார்கள். மதில், கட்டுக் கிணறு, காய்க்கிற தென்னை எல்லாம் அந்தத் துண்டில்தான் இருந்தன. மிஞ்சியது பின்னால் உள்ள பள்ளம், மாரியில் முழங்கால் அளவுக்குத் தண்ணீர் நிற்கும். இப்போது 17ஆம் பிரிவு என்று போட்டு நட்டஈட்டுத் தீர்மானக் கடிதம் வந்திருக்கிறது. பேர்ச்சுக்கு 140,000 ரூபா போட்டிருக்கிறார்கள். அந்த விலைக்கு இந்த ரோட்டில் ஒரு துண்டும் வாங்க ஏலாது. கிணற்றைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. இதற்கிடையில் மாமா ஒருவர் தனக்கும் அதில் பங்கு இருக்கிறது என்கிறார். நேரே மட்டக்களப்பு கோட்டில் வழக்குப் போடலாமா?

மட்டுவாசி:
போடுங்கள். மாவட்ட நீதிமன்றம்தான் காணி வழக்குக்கு இடம். நல்ல லோயர் ஒருவரைப் பிடியுங்கள்.

அக்கரைப்பற்று வட்டை:
தங்கச்சி, பொறுங்கள். தொகை குறைவு என்பதற்கு மாவட்ட நீதிமன்றம் இல்லை. 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டம் அதற்கென்று மீளாய்வுச் சபை ஒன்றை வைத்திருக்கிறது. கடிதம் கிடைத்து 21 நாளுக்குள் 22ஆம் பிரிவின் கீழ் அங்கே மேன்முறையீடு போய்ச் சேர வேண்டும். முதலில் கடித உறையைத் தேடி எடுத்து வையுங்கள், தபால் முத்திரையில் உள்ள திகதிதான் உங்களுக்குச் சாட்சி. சபையின் முடிவிலும் சட்டப் பிழை இருந்தால்தான் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம்.

எங்கள் வட்டையில், அதாவது வயல்வெளியில், வாய்க்கால் அகலிக்க வாப்பாவின் வயலில் ஒரு துண்டை எடுத்தபோது நானும் இதே பாதையால் போனவன். அங்கே "அநியாயம்" என்று சொல்லி ஒன்றும் நடக்காது. 45ஆம் பிரிவு கேட்பது ஒன்றுதான்: காணியை எடுக்கப் போவதாகச் சொல்லும் 7ஆம் பிரிவு அறிவித்தல் வெளியான நேரத்தில், விற்க விரும்பும் ஒருவர் அந்தக் காணியைத் திறந்த சந்தையில் விற்றால் என்ன விலை போயிருக்கும்? இன்றைய விலையைச் சொன்னால் எடுபடாது. அந்தத் திகதிக்குக் கிட்ட, அதே ரோட்டில் கைமாறிய காணிகளின் உறுதிகள், அதாவது விற்பனைப் பத்திரங்கள், வேண்டும். காணிப் பதிவகத்தில் பிரதி எடுக்கலாம்.

இங்கேதான் நம் ஊர்ப் பழக்கம் நம்மையே அடிக்கிறது. முத்திரை வரியைக் குறைக்க, உறுதியில் பாதி விலையைத்தான் எழுதுகிறோம். விலைமதிப்புத் திணைக்களம் பார்ப்பதும் அதே உறுதிகளைத்தான். ஆகவே பத்து உறுதி கிடைத்தாலும் உண்மை விலை எழுதியதைத் தெரிந்து எடுங்கள். வங்கிக் கடனுக்கு வாங்கிய காணி என்றால் பெரும்பாலும் விலை சரியாக இருக்கும், வங்கியின் மதிப்பீட்டு அறிக்கையும் இருக்கும். தனியார் மதிப்பீட்டாளர் ஒருவரிடமும் அறிக்கை எடுங்கள். காசு போகும், ஆனால் சபை முன்னால் பேசுவது அந்தத் தாள்தான்.

அடுத்தது மிஞ்சிய பள்ளம். முன்பக்கம் போனதால் அதன் பெறுமதி விழுந்தது தனி நட்டம். சந்தை விலைக்கு மேலதிகமாக, காணியைத் துண்டாக்கியதால் வந்த நட்டம் என்று 46ஆம் பிரிவில் கேட்க இடம் இருக்கிறது. முறையீட்டில் அதை வேறாக எழுதுங்கள். கிணறும் மதிலும் நில அளவைப் படத்தோடு வரும் பட்டியலில் இருக்கின்றனவா என்று பிரதேச செயலகத்தில் பாருங்கள். இல்லையென்றால் பழைய போட்டோ, கிராம சேவகரின் கடிதம், எது கிடைத்தாலும் சேருங்கள்.

அம்மாவை "இறுதித் தீர்வாக ஏற்கிறேன்" என்று எழுதிய எதிலும் வாசிக்காமல் கையெழுத்துப் போட விடவேண்டாம். இழுபடும் என்ற பயத்தில் பலர் அப்படித்தான் போட்டுவிடுகிறார்கள். ஒலுவிலில் துறைமுகத்துக்குக் காணி கொடுத்தவர்கள் நட்டஈட்டுக்கு எத்தனை வருடம் அலைந்தார்கள் என்று பார்த்த எனக்கு அந்தப் பயம் விளங்குகிறது. என்றாலும் இது பிச்சை இல்லை, உங்கள் காணியின் விலை.

களுவாஞ்சிக்குடி மகள்:
நன்றி அண்ணன். உறை இருக்கிறது, இன்னும் நாளும் இருக்கிறது. மாமாவின் பங்குப் பிரச்சினைக்கு என்ன செய்வது?

அக்கரைப்பற்று வட்டை:
அது மட்டும்தான் மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகக் கூடியது. யார் உரித்துக்காரர் என்ற தகராற்றைப் பிரதேச செயலாளர் 10ஆம் பிரிவின் கீழ் நீதிமன்றத்துக்கு அனுப்பலாம். அப்படிப் போனால் தீர்ப்பு வரும்வரை காசு ஒருவருக்கும் கைக்கு வராது. அம்மாவின் சீதன உறுதியை முதலில் மாமாவிடம் காட்டிப் பேசுங்கள். வீட்டுக்குள் முடிந்தால் நல்லது.

கல்லடி ஆசிரியர்:
ஒன்று சேர்க்கிறேன். இதெல்லாம் உறுதிக் காணிக்கு. பேர்மிட் காணி, அதாவது அனுமதிப் பத்திரத்தில் கொடுத்த காணி, என்றால் நிலம் அரசினுடையது, அங்கே கணக்கு வேறு. அம்மாவின் தாள் எது என்று முதலில் பாருங்கள்.

களுவாஞ்சிக்குடி மகள்:
உறுதிதான் சேர், அம்மம்மா காலத்து நொத்தாரிசு எழுதியது. திங்கட்கிழமை பதிவகத்துக்குப் போகிறேன்.