பழைய உதவித்தொகைப் போட்டி ஒலிப்பதிவு யாரிடமாவது இருக்கிறதா?

காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர்ப் பக்கத்துச் சொந்தங்களுக்கு வணக்கம். எண்பதுகளில் திருச்சி வானொலியில் வந்த, பள்ளிப் பிள்ளைகளுக்கான உதவித்தொகை வினாடி வினா ஒன்றின் ஒலிப்பதிவைத் தேடுகிறேன். என் அக்கா அதில் ஜெயித்த பணத்தில்தான் கல்லூரிக்கே போனாள். அவளுடைய பேத்திக்கு அந்தக் குரலைக் கேட்கவைக்க வேண்டும்.

நிலையத்தில் இருக்கும் என்று பெரிதாக நம்ப முடியாது. அப்போதெல்லாம் டேப்பை அழித்துவிட்டு அதிலேயே அடுத்த நிகழ்ச்சியைப் பதிவது சகஜம். வீட்டில் பதிந்தவர்கள்தான் கதி. சிங்கப்பூர், மலேசியாவிலிருந்து வந்த டூ-இன்-ஒன் (ரேடியோவும் கேசட் ரெக்கார்டரும் சேர்ந்த பெட்டி) நம் பக்கம் எத்தனை வீட்டில் இருந்தது!

பரணிலோ இரண்டாம் கட்டு அலமாரியிலோ கேசட் கிடந்தால் அட்டையை மட்டும் பார்த்து ஒதுக்கிவிடாதீர்கள். மேலே பக்திப் பாடல் என்றிருக்கும், பி பக்கக் கடைசியில் இது இருக்கலாம். சுருளில் வெள்ளையாகப் பூஞ்சை தெரிந்தால் தயவுசெய்து ஓடவிட வேண்டாம். நாடா ஒட்டிக்கொண்டு அறுந்துவிடும், நாடாவைப் படிக்கும் பிளேயரின் ஹெட்டும் பாழாகும். நானே வந்து வாங்கி, சுத்தம் செய்து, டிஜிட்டல் பிரதியோடு திருப்பித் தருகிறேன்.

அப்புறம், ஆச்சிமார் யாருக்காவது நிகழ்ச்சி வந்த கிழமையோ நடத்தியவர் பெயரோ நினைவிருந்தால் அதுவும் பெரிய உதவி. இன்பாக்ஸில் சொல்லுங்கள்.