புதுப்பிப்பு: சைகையைப் பார்த்துத் தமிழில் சொல்லும்போது திணறல் - எது கைகொடுத்தது

காது கேளாதோரின் சைகை மொழியில், பேச்சைச் சைகையாக்குவது ஓரளவு வருகிறது, எதிரே ஒருவர் சைகை செய்வதைப் பேச்சாக்கும்போதுதான் திணறுகிறேன், சேலத்தில் எப்படிப் பழகுவது என்று முன்பு கேட்டிருந்தேன். பதில் போட்ட எல்லோருக்கும் நன்றி.

டெல்லி இந்திய சைகை மொழி ஆராய்ச்சி, பயிற்சி மையத்தின் 10,000 சொல் அகராதி வீடியோக்களைத்தான் முதலில் பார்த்தேன். சொல் சேர்ந்தது, வேகம் வரவில்லை. பலித்தது இன்னொரு யோசனை: "கையையே பார்க்காதீங்க, முகத்தைப் பாருங்க. ஒரு கருத்து முடியறவரை வாயைத் திறக்காதீங்க." இந்திய சைகை மொழியில் கேள்விச் சொல் பெரும்பாலும் கடைசியில்தான் வரும், 'உன் வீடு எங்கே' என்பதில் 'எங்கே' வருமுன் பேசத் தொடங்கினால் மாட்டிக்கொள்வோம். ஆமா, இல்லை என்று பதில் சொல்லும் கேள்வியோ புருவம் உயர்வதில்தான் தெரியும்.

அப்புறம், அஸ்தம்பட்டி பக்கம் டீக்கடையில் கூடும் காது கேளாத நண்பர்களோடு உட்கார ஆரம்பித்தேன். எதிர்பாராதது அங்கேதான். வீடியோவில் இரண்டு கையும் அழகாகத் தெரியும். இங்கே ஒரு கையில் சூடான டம்ளர், மறு கையில் பேச்சு! இரண்டு கையாலும் காட்ட வேண்டிய எழுத்துகளில் பாதியை நாமே ஊகிக்க வேண்டும். பெரியவர்களின் சில சைகைகள் அகராதியில் உள்ளதுபோலவும் இல்லை. கேட்டால் சிரித்துக்கொண்டே மறுபடி செய்து காட்டுகிறார்கள்.

இதையே தொழிலாக்க நினைப்பவர்கள் 'டிஸ்லி' (DISLI) என்ற, இந்திய சைகை மொழிபெயர்ப்புக்கான 2 ஆண்டுப் பட்டயப் படிப்பைத் தேடிப் பாருங்கள்.